நின்றபடி வாசித்தவர்

எட்டாம் வகுப்பில் பள்ளி பேண்டில் எனக்குக் கிடைத்தது சிம்பல். இரண்டு பித்தளைத் தட்டுகள். தோல் வாருக்குள் கையை நுழைத்துக்கொண்டு, நான்கு அடிக்கு ஒருமுறை சேர்த்துத் தட்ட வேண்டும். நான் கேட்டது பெரிய டிரம்மை. சுதந்திர தின அணிவகுப்புக்கு ஒரு மாதம் முன்பே பி.டி. சாரிடம் போய்க் கேட்டேன். "அதைத் தூக்கிட்டு மைதானத்தைச் சுத்தி வர உனக்குத் தெம்பு பத்தாதும்மா" என்று சொல்லிவிட்டு, ஒன்பதாம் வகுப்புப் பையன் ஒருவனின் தோளில் அதை மாட்டினார். அவன் என்னைவிட ஒல்லி. அவன் அடிக்கும்போது அந்தத் 'தும்' நேராக வந்து என் நெஞ்சுக்கூட்டுக்குள் விழும். அடுத்த நொடியே என் கையிலிருக்கும் தட்டு 'ஜல்' என்று அதை மூடிவிடும். எனக்குப் பிடித்த ஓசையை நானே மூடிக்கொண்டு இரண்டு வருடம் நடந்தேன்.

மோ டக்கரின் குரலைக் கேட்டது அதற்கு வெகு காலம் கழித்து, சென்னையில், வேலைக்குப் போகும் பெண்களுக்கான விடுதி ஒன்றில். என் அறைத்தோழிக்கு இரவு ஷிப்ட். விடிகாலையில் வந்து, கம்ப்யூட்டரில் சத்தத்தைக் குறைத்துப் பாட்டு வைத்துவிட்டு அப்படியே தூங்கிப்போவாள். ஒரு நாள் இரண்டே நிமிடப் பாட்டு ஒன்று ஓடியது. ஒற்றை கிதார், அடியில் பேஸ் கிதார், ஒரு பெண் குரல். பயிற்சி பெற்ற குரல் இல்லை. சுருதியில் நிற்குமா விலகிவிடுமா என்று கேட்கிறவர்கள் மூச்சைப் பிடித்துக்கொள்ள வேண்டியிருந்தது. வெளியே இருக்கும் கொண்டாட்டத்தைப் பார்த்து ஏங்கியபடி, கதவைச் சாத்திக்கொண்டு இரவை உள்ளேயே வைத்துக்கொள்ளப் பார்க்கிற ஒருத்தியின் பாட்டு.

"யாருடி பாடுறது?" என்றேன்.

"அந்த பேண்டோட டிரம்மர்" என்றாள், பாதித் தூக்கத்தில்.

அந்தப் பாட்டில் டிரம்ஸே கிடையாது. ஒரு டிரம்மர் தன் வாத்தியத்தைக் கீழே வைத்துவிட்டு வந்து பாடுகிறார். அன்று முழுக்க அலுவலகத்தில் அதையேதான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

வெல்வெட் அண்டர்கிரவுண்ட் என்ற நியூயார்க் பேண்டைப் பற்றி எழுதுகிறவர்கள் அதன் பாடகரும் பாடலாசிரியருமான லூ ரீடில் தொடங்குவார்கள். அல்லது ஓவியர் ஆண்டி வார்ஹாலில், வாழைப்பழம் அச்சிட்ட அந்த இசைத்தட்டு உறையில். எனக்கு அந்த பேண்டு டிரம்ஸிலிருந்துதான் தொடங்குகிறது. அதை வாசித்த பெண்ணைப் பற்றித் தமிழில் யாராவது விரிவாக எழுதியிருப்பார்களா என்று பல வருடம் தேடிவிட்டுத்தான் இதை எழுத உட்கார்ந்திருக்கிறேன்.

மோரீன் டக்கர், சுருக்கமாக மோ, பிறந்தது 1944 ஆகஸ்ட் 26. வளர்ந்தது நியூயார்க்கை ஒட்டிய லாங் ஐலண்டில், லெவிட்டவுன் என்ற குடியிருப்பில். இரண்டாம் உலகப்போர் முடிந்து திரும்பிய ராணுவ வீரர்களின் குடும்பங்களுக்காக ஒரே அச்சில் வார்த்ததுபோல ஆயிரக்கணக்கில் வீடுகள் கட்டப்பட்ட இடம் அது. அந்த வீடுகளில் ஒன்றில் ரேடியோ வழியாக வந்து சேர்ந்தது பாபதுண்டே ஒலதுஞ்சி என்ற நைஜீரியக் கலைஞரின் டிரம் இசை. 1960-இல் வெளியான அவருடைய 'டிரம்ஸ் ஆஃப் பேஷன்' இசைத்தட்டு அமெரிக்காவில் பெரிய வீச்சோடு பரவியிருந்தது. அதில் தாளம் பாட்டுக்குப் பின்னால் நிற்பதில்லை. தாளம்தான் முன்னால் நடக்கிறது. மற்றதெல்லாம் அதைத் தொடர்ந்து வருகின்றன.

இன்னொருவர் போ டிட்லி என்ற அமெரிக்க ராக் அண்ட் ரோல் கலைஞர். அவர் பெயரிலேயே ஒரு தாளம் உண்டு: மூன்று அடி, சின்ன இடைவெளி, பிறகு இரண்டு அடி. மேசையில் விரலால் தட்டிப் பாருங்கள், உடனே பிடிபடும். பிடிபட்ட பிறகு விடாது. பள்ளி முடித்த மோரீன் கீபஞ்ச் ஆபரேட்டராக வேலைக்குப் போனார். கம்ப்யூட்டருக்குக் கொடுக்க வேண்டிய விவரங்களை அட்டையில் துளையாகக் குத்தும் வேலை. நாள் முழுக்க விசைகளைத் தட்டிவிட்டு, மாலையில் வீட்டுக்கு வந்து போ டிட்லி தட்டுகளை ஓடவிட்டு அதோடு சேர்ந்து வாசிப்பார். வாத்தியார் யாரும் இல்லை. பத்தொன்பது வயதில்தான் தொடங்கினார். இசையுலகக் கணக்கில் அது தாமதம். அந்தத் தாமதம் அவருக்கு நல்லது செய்தது என்று நினைக்கிறேன். டிரம்ஸ் என்றால் இப்படித்தான் உட்கார வேண்டும், இந்தக் காலால் இதை மிதிக்க வேண்டும் என்று சொல்லிக்கொடுக்க ஆளில்லை. தான் கேட்ட ஓசை எப்படி வரும் என்று தேடியவர், அதற்கேற்ற வழியைத் தானே போட்டுக்கொண்டார்.

1965 டிசம்பர் 11. நியூஜெர்சியில் சம்மிட் என்ற ஊரின் உயர்நிலைப் பள்ளி அரங்கில் வெல்வெட் அண்டர்கிரவுண்டுக்குக் கச்சேரி கிடைத்தது. முழு பேண்டுக்கும் சேர்த்து 75 டாலர். அதுவரை அவர்களோடு வாசித்துக்கொண்டிருந்த ஆங்கஸ் மெக்லைஸ், காசு வாங்கிக்கொண்டு குறித்த நேரத்தில் தொடங்கி குறித்த நேரத்தில் முடிக்கும் இசையை ஏற்க முடியாது என்று விலகிவிட்டார். கைவசம் டிரம்மர் இல்லை. கிதார் வாசித்த ஸ்டெர்லிங் மாரிசனுக்கு ஜிம் டக்கர் என்ற நண்பர். ஜிம்மின் தங்கை டிரம்ஸ் வாசிப்பாள் என்பது நினைவுக்கு வந்தது. பெண் என்றதும், வயலினைவிடச் சற்றுப் பெரிய வயோலாவை வாசித்த ஜான் கேல் தயங்கினார். அந்த ஒரு கச்சேரிக்கு மட்டும் என்று சொல்லித்தான் கூப்பிட்டார்கள்.

மூன்று பாட்டு வாசித்தார்கள். அரங்கிலிருந்த பள்ளிப் பிள்ளைகளும் பெற்றோரும் கணிசமான பேர் எழுந்து போய்விட்டார்கள். மோ தங்கிவிட்டார்.

அடுத்து கிரீனிச் வில்லேஜில் 'கஃபே பிஸார்' என்ற இடத்தில் தொடர்ந்து வாசிக்கும் வாய்ப்பு வந்தது. சின்ன இடம், டிரம்ஸுக்கு அங்கே அனுமதி இல்லை. அதனால் மோ அங்கே டாம்பூரின் என்ற, விளிம்பில் சின்னத் தகடுகள் குலுங்கும் கைவாத்தியத்தை மட்டும் வாசித்தார். ஆண்டி வார்ஹால் அவர்களை முதலில் பார்த்தது அந்த இடத்தில்தான். அவர் பேண்டைத் தன் பக்கம் சேர்த்துக்கொண்டு, நிக்கோ என்ற ஜெர்மானியப் பாடகியையும் இணைத்து, 1966 ஏப்ரலில் செயின்ட் மார்க்ஸ் தெருவில் 'டோம்' என்ற பழைய போலந்துச் சமூகக் கூடத்தில் பெரிய காட்சி ஒன்றை நடத்தினார். சுவரெல்லாம் திரைப்படம், வண்ண விளக்கு, நடனம், நடுவே இவர்களின் இரைச்சல். அந்த நாட்களில் மோவின் டிரம்ஸ் திருடுபோனது. தெருவிலிருந்து குப்பைத்தொட்டிகளைக் கொண்டுவந்து, அடியில் மைக் வைத்து, அதையே சில நாள் வாசித்தார். வாசித்து முடித்ததும் கீழே துருவும் குப்பையும் உதிர்ந்து கிடக்குமாம். இதைப் பலர் வேடிக்கைக் கதையாகச் சொல்கிறார்கள். எனக்கு இது அவர் யார் என்று காட்டும் செய்தி. அவருக்கு வேண்டியது ஓசையும் காலப்பிரமாணமும். அவை வருமானால் குப்பைத்தொட்டியும் வாத்தியம்தான்.

இங்கே கொஞ்சம் நின்று, அவர் வாசித்த விதத்தைச் சொல்லியாக வேண்டும். மற்ற எதையும்விட எனக்குச் சொல்ல ஆசை இதைத்தான்.

வழக்கமான ராக் டிரம்மர் ஸ்டூலில் உட்கார்ந்திருப்பார். வலது கால் பெடலை மிதிக்க, செங்குத்தாக நிற்கும் பேஸ் டிரம் ஒலிக்கும். இடது கால் ஹை-ஹேட் என்ற இரட்டைச் சிம்பலைத் திறந்து மூடும். ஒரு கை சிம்பலில் காலத்தை எண்ணிக்கொண்டிருக்கும், மறு கை ஸ்நேர் என்ற சின்ன டிரம்மில். இரண்டு கை, இரண்டு கால், நான்குக்கும் தனித்தனி வேலை. மோ இந்த அமைப்பையே கலைத்தார். பேஸ் டிரம்மைத் தரைக்கு இணையாகப் படுக்க வைத்தார். பெடல் தேவையில்லாமல் போயிற்று. அதனால் ஸ்டூலும் தேவையில்லை. எழுந்து நின்று, கையிலிருந்த கோல்களால், பல பாட்டுகளில் முனையில் பஞ்சு உருட்டிய கோல்களால், நேராக அதன் தோலில் அடித்தார். பெடல் கொடுப்பது மொட்டையான ஒரு குத்து. கை கொடுப்பது மேலிருந்து விழும் அடி. தோள், முழங்கை, மணிக்கட்டு எல்லாவற்றின் கனமும் அதில் இறங்கும். ஒலதுஞ்சியின் தட்டில் கேட்ட அந்த ஆழமான ஓசைக்கு அவர் கண்டுபிடித்த வழி இது.

சிம்பலை அநேகமாக ஒதுக்கிவிட்டார். இதை முதன்முதலில் படித்தபோது புத்தகத்தை மடியில் வைத்துவிட்டுச் சற்று நேரம் சும்மா உட்கார்ந்திருந்தேன். பள்ளி மைதானத்தில் என் காதுக்குத் தெரிந்தது, அவருடைய காதுக்கும் தெரிந்திருக்கிறது.

அதற்கு ஒரு கணக்கும் இருக்கிறது. சிம்பலின் ஓசை மேல் ஸ்தாயியில் பரந்து நிற்பது, எளிதில் அடங்காது. இந்த பேண்டில் அதே மேல் ஸ்தாயியில் கேலின் வயோலா நீளமாக இழுத்துக்கொண்டிருக்கும், உடைந்து கரகரக்கும் இரண்டு கிதார்கள் இருக்கும், ரீட் பேச்சும் பாட்டுமாகச் சொல்லும் வரிகள் இருக்கும். அதன்மேல் பித்தளையும் சேர்ந்தால் எல்லாம் கலங்கிய குட்டையாகிவிடும். அவர் கீழே மட்டும் நின்றார். மேலே இருந்தவர்களுக்கு இடம் கிடைத்தது. வெல்வெட் அண்டர்கிரவுண்டின் இரைச்சலுக்குள் நாம் ஒவ்வொரு வாத்தியத்தையும் பிரித்துக் கேட்க முடிகிறதென்றால் அதற்குப் பாதிக் காரணம் டிரம்மர் வாசிக்காமல் விட்டது. பாட்டின் நடுவே தன் திறமையைக் காட்ட உருட்டுவதும் அவரிடம் மிக அபூர்வம்.

திறமை இல்லாததால்தான் எளிமையாக வாசித்தார் என்று இன்றைக்கும் சொல்பவர்கள் உண்டு. அவர்களுக்கு என் பதில் 'ஹெராயின்'. முதல் தட்டில் இருக்கும் ஏழு நிமிடப் பாட்டு, கிதாரில் இரண்டே இரண்டு கார்டு, அதாவது சுரக்கூட்டு. மெல்லத் தொடங்கி, படிப்படியாக வேகம் ஏறி, உச்சத்துக்குப் போய், சட்டென்று தளர்ந்து, மறுபடி ஏறும். இப்படி நான்கைந்து முறை. காலப்பிரமாணத்தை ஒரே இடத்தில் பிடித்து வைப்பதுகூடப் பழகினால் வந்துவிடும். நான்கு பேர் சேர்ந்து காலத்தை இழுத்துக் கூட்டுவதும், ஒரே மூச்சில் இறக்குவதும் மிகக் கடினம். அந்த ஏற்றத்தில் கிதார் ஓடுகிறது, வயோலா கத்துகிறது, அடியில் மோ இரண்டே டிரம்மில் நெஞ்சுத் துடிப்புபோல வாசித்துக்கொண்டே போகிறார். பாட்டில் வரும் மனிதனின் நரம்புக்குள் நடப்பது என்ன என்பதை வார்த்தைகளுக்கு முன்பே அந்தத் துடிப்பு சொல்லிவிடுகிறது.

ஐந்து நிமிடம் கடந்ததும் ஓரிடத்தில் டிரம்ஸ் காணாமல் போகும். கவனித்திருக்கிறீர்களா? பதிவின்போது இரைச்சல் கூடிக்கூடி அவருக்கு மற்றவர்கள் வாசிப்பது எதுவும் கேட்கவில்லை. தாளம் எங்கே இருக்கிறதென்று தெரியவில்லை. அதனால் நிறுத்தினார். தான் நிறுத்தினால் எல்லோரும் நிறுத்துவார்கள், மறுபடி முதலிலிருந்து எடுக்கலாம் என்று நினைத்தார். யாரும் நிறுத்தவில்லை. பாட்டு அவரில்லாமல் ஓடியது. கொஞ்ச நேரம் கழித்து மீண்டும் உள்ளே வந்தார். அந்தப் பதிவுதான் தட்டில் இருக்கிறது. தன் பிழை என்று அவர் பிற்பாடு வருந்திச் சொன்ன அந்த இடம், கேட்கிற நமக்கு இதயம் ஒரு கணம் நின்று துடித்ததுபோல இருக்கிறது. எத்தனையோ முறை கேட்டுவிட்டேன். இன்னும் அந்த இடம் வரும்போது என் கை தானாக இறுகுகிறது.

தட்டு 1967 மார்ச்சில் வந்தது. அமெரிக்காவின் பில்போர்டு விற்பனைப் பட்டியலில் அப்போது 171-ஆம் இடத்தைத் தாண்டவில்லை. அடுத்த ஆண்டு 'ஒயிட் லைட் ஒயிட் ஹீட்'. அதில் பதினேழு நிமிட 'சிஸ்டர் ரே'. ஒவ்வொருவரும் தன் சத்தத்தை ஏற்றிக்கொண்டே போய் மற்றவரை முழுக்கடிக்கப் பார்க்கும் யுத்தம் அது. அந்த யுத்தத்தில் சேராமல் காலத்தைப் பிடித்துக்கொண்டிருந்தவர் ஒருவர்தான்.

அந்தக் காலத்தில் ராக் மேடையில் டிரம்ஸுக்குப் பின்னால் பெண்ணைப் பார்ப்பது எவ்வளவு அரிது என்பதையும் சொல்ல வேண்டும். மோவுக்குச் சற்று முன்பு இங்கிலாந்தில் ஹனி லான்ட்ரி இருந்தார். முடி அலங்காரக் கடையில் வேலை பார்த்தவர். அவர் டிரம்ஸ் வாசித்த ஹனிகோம்ப்ஸின் 'ஹேவ் ஐ த ரைட்' 1964 ஆகஸ்டில் பிரிட்டனில் முதலிடம் பிடித்தது. அவரும் பாடினார். முதலிடம் பிடித்த பிறகும், உண்மையிலேயே இந்தப் பெண்தான் வாசிக்கிறாளா, சும்மா காட்சிக்கு உட்கார வைத்திருக்கிறார்களா என்று பத்திரிகைகள் சந்தேகப்பட்டன. மோவைப் பார்த்தவர்கள் வேறு விதமாகக் குழம்பினார்கள். குட்டை முடி, பேன்ட் சட்டை, கருப்புக் கண்ணாடி, நின்றபடி வாசிக்கும் மெலிந்த உருவம். பையனா பெண்ணா என்று கேட்டார்கள். அவர் அதற்கெல்லாம் விளக்கம் சொல்லிக்கொண்டு நிற்கவில்லை.

இனி அந்த இரண்டு நிமிடப் பாட்டு. 'ஆஃப்டர் அவர்ஸ்' மூன்றாவது தட்டின் கடைசிப் பாட்டு, ஆண்டு 1969. அதற்குள் கேல் வெளியேறி டக் யூல் வந்திருந்தார். பேண்டின் ஓசையே தணிந்து, பக்கத்தில் உட்கார்ந்து பேசுவதுபோல ஆகியிருந்தது. பாட்டை எழுதியவர் லூ ரீட். தான் பாடினால் யாரும் நம்ப மாட்டார்கள், அவ்வளவு கள்ளமில்லாத பாட்டு என்று சொல்லி மோவிடம் கொடுத்தார். மோவுக்கு நடுக்கம். நூற்றுக்கணக்கான பேர் முன்னால் குப்பைத்தொட்டியை அடிக்கத் தயங்காதவர், மைக்கின் முன் வாய் திறக்கக் கூச்சப்பட்டார். மற்றவர்களை வெளியே அனுப்பிய பிறகுதான் பாட முடிந்தது. அந்தக் கூச்சம் முழுக்கப் பதிவில் இருக்கிறது. ஒரு பாடகி அதை மறைத்திருப்பார். மோவுக்கு மறைக்கத் தெரியவில்லை. பாட்டு முழுவதும் ஒரு அறையின் சுவருக்குள் நடக்கிறதென்பதை அந்தக் கூச்சமே நமக்குக் காட்டிவிடுகிறது. டிரம்மில் எது அவருடைய குணமோ அதுவே குரலிலும்: பாட்டுக்கு எவ்வளவு வேண்டுமோ அவ்வளவு, அதற்குமேல் ஒரு சங்கதிகூடக் கிடையாது.

1970-இல் 'லோடட்' தட்டு. அதில் அவர் வாசிக்கவில்லை. கர்ப்பமாக இருந்தார். உறையில் பெயர் இருக்கிறது, டிரம்ஸ் வாசித்தவர்கள் வேறு சிலர். அவர் திரும்பி வந்தபோது லூ ரீட் போய்விட்டிருந்தார். சில காலம் வாசித்துவிட்டு, எழுபதுகளின் தொடக்கத்தில் அவரும் விலகினார்.

அதன் பிறகு வரும் பத்து ஆண்டுகளைப் பல கட்டுரைகள் ஒரே வாக்கியத்தில் கடந்துவிடுகின்றன: "குடும்பத்தைக் கவனித்துக்கொண்டார்." பிள்ளைகளை வளர்த்த எவருக்கும் தெரியும், அந்த வாக்கியத்துக்குள் எத்தனை விடியற்காலைகள் இருக்கின்றன என்று. ஐந்து பிள்ளைகள். அரிசோனாவின் பீனிக்ஸ் நகரில் குடித்தனம். அங்கே வீட்டிலேயே ஒரு பதிவுக் கருவியை வைத்துக்கொண்டு, கிடைத்த நேரத்தில் பாட்டுகளைப் பதிந்தார். டிரம்ஸ், கிதார், பேஸ், குரல் எல்லாம் ஒருவரே. 1981-இல் அது 'பிளேயின் பாசம்' என்ற தட்டாக, அவரே தொடங்கிய சின்ன நிறுவனத்தின் பெயரில் வந்தது. போ டிட்லிக்கு வணக்கம் வைக்கும் பாட்டு இருக்கிறது, பழைய ராக் அண்ட் ரோல் இருக்கிறது, 'ஹெராயின்' இருக்கிறது, கிதாரில் ஐரோப்பியச் செவ்வியல் இசையமைப்பாளர் விவால்டிகூட இருக்கிறார். தொழில்முறை ஸ்டுடியோவில் இதை யாரும் வெளியே விட்டிருக்க மாட்டார்கள். கிதார் தடுமாறும், குரல் விலகும். ஆனால் யாரும் கேட்காத வேளையில் ஒருவர் தனக்குப் பிடித்த பாட்டுகளோடு பேசிக்கொண்டிருப்பதை ஜன்னலுக்கு வெளியிலிருந்து கேட்பதுபோன்ற ஒரு நெருக்கம் அதில் உண்டு.

மணவாழ்க்கை முறிந்தது. பிள்ளைகளோடு ஜார்ஜியா மாநிலத்தின் டக்ளஸ் என்ற சிற்றூருக்குப் போனார். அங்கே வால்மார்ட்டின் விநியோகக் கிடங்கில் வேலை. எண்பதுகளில் உலகமெங்கும் புதுப்புது பேண்டுகள் வெல்வெட் அண்டர்கிரவுண்டைத் தங்கள் மூதாதை என்று கொண்டாடிக்கொண்டிருந்தன. ஜீசஸ் அண்ட் மேரி செயின் என்ற ஸ்காட்லாந்து பேண்டில் பாபி கில்லெஸ்பி இரண்டே டிரம்மை வைத்துக்கொண்டு நின்றபடி வாசித்தார். பார்த்தவர்கள் அனைவருக்கும் அது யாருடைய பாணி என்று தெரியும். அந்தப் பாணிக்குச் சொந்தக்காரர் அப்போது மாதக் கடைசியில் கையிருப்பை எண்ணிக்கொண்டிருந்தார்.

அந்த வாழ்க்கையையே பாட்டாக்கினார். 1989-இல் வந்த 'லைஃப் இன் எக்ஸைல் ஆஃப்டர் அப்டிகேஷன்' தட்டுக்கு லூ ரீட் வந்து கிதார் வாசித்தார். சானிக் யூத் பேண்டுக்காரர்கள் வந்தார்கள். ஆனால் அந்தத் தட்டின் உயிர் 'ஸ்பாம் அகெய்ன்' மாதிரியான பாட்டில் இருக்கிறது. ஸ்பாம் என்பது தகர டப்பாவில் வரும் மலிவு இறைச்சி. உழைத்துவிட்டு வந்து மறுபடியும் அதையே சாப்பிட வேண்டியிருக்கும் வீட்டின் பாட்டு. ராக் இசையில் போதை, காதல், கலகம் எல்லாவற்றுக்கும் பாட்டு இருக்கிறது. சம்பளம் போதவில்லை என்று நாற்பது வயதைத் தாண்டிய ஒரு தாய் பாடியதை நான் அதற்கு முன்பு கேட்டதில்லை. 1987-இல் இறந்த வார்ஹாலுக்காக 'ஆண்டி' என்றொரு பாட்டும் அதில் உண்டு. பிரபலங்கள் எழுதிய எத்தனையோ அஞ்சலிகளைவிட அது எளிமையானது, நேரானது.

கிடங்கு வேலையை விட்டுவிட்டு ஊர் ஊராக வாசிக்கப் போனார். தன் பேண்டில் இப்போது அவர் பெரும்பாலும் முன்னால் நின்று கிதார் வாசித்துப் பாடினார். ஐரோப்பாவில் நல்ல கூட்டம். 1991-இல் வந்த அடுத்த தட்டில் ரீட், கேல், மாரிசன் மூவருமே பங்களித்தார்கள். ஒருவரோடொருவர் பேசாமல் வருடக்கணக்கில் இருந்த ஆண்கள் அவர்கள். மூவரும் எந்நாளும் பேச்சை முறித்துக்கொள்ளாத ஒருவர் மோ. 1993-இல் பழைய நால்வரும் சேர்ந்து ஐரோப்பாவில் வாசித்தபோது, பாரிஸ் ஒலிம்பியா அரங்கில் பதிவான தட்டை நான் அடிக்கடி கேட்பேன். அதில் 'ஆஃப்டர் அவர்ஸ்' வரும் இடத்தில் கூட்டம் எழுப்பும் ஆரவாரம் லூ ரீடுக்கு எழுந்ததைவிடக் குறைந்ததில்லை. குரல் இன்னும் நடுங்குகிறது. நாற்பத்தெட்டு வயது.

ஐரோப்பியப் பயணம் முடிந்ததும் ரீடும் கேலும் மறுபடி முறைத்துக்கொண்டார்கள். 1995 ஆகஸ்ட் 30 அன்று, ஐம்பத்து மூன்றாவது பிறந்தநாளுக்கு மறுநாள், ஸ்டெர்லிங் மாரிசன் புற்றுநோயில் இறந்தார். அண்ணனின் நண்பராக அறிமுகமாகி, பேண்டுக்குள் அழைத்து வந்து, பிற்காலத்தில் மோவின் சொந்த பேண்டிலேயே கிதார் வாசித்தவர். அடுத்த ஜனவரியில் ராக் அண்ட் ரோல் ஹால் ஆஃப் ஃபேம் என்ற புகழ் மண்டபத்தில் வெல்வெட் அண்டர்கிரவுண்டைச் சேர்த்தார்கள். மீதமிருந்த மூவரும் மேடையில் வாசித்தது பழைய பாட்டு எதையும் இல்லை. மாரிசனுக்காகச் சேர்ந்து எழுதிய, நேற்றிரவு நண்பனுக்கு விடைகொடுத்தேன் என்ற பொருள்படும் ஒரு புதிய பாட்டை.

ஒன்றைச் சொல்லாமல் விட்டால் இது நேர்மையான கட்டுரையாக இருக்காது. 2009-இல் ஜார்ஜியாவில் நடந்த, டீ பார்ட்டி என்ற வலதுசாரி இயக்கத்தின் கூட்டமொன்றில் மோ கலந்துகொண்டு, அரசாங்கத்தின் செலவையும் வரியையும் எதிர்த்துப் பேசியது உள்ளூர்த் தொலைக்காட்சியில் வந்து, பிறகு இணையத்தில் பரவியது. ரசிகர்கள் பலர் மனமுடைந்தார்கள், சிலர் திட்டினார்கள். அந்த அரசியலோடு எனக்கும் உடன்பாடு இல்லை. ஆனால் ஒரு இடதுசாரி இளைஞர் கூட்டம் தன் மனதில் வரைந்து வைத்த படத்துக்கு அவர் ஒருபோதும் உட்கார்ந்து கொடுத்ததில்லை. சிற்றூரில் கூலி வேலை செய்து ஐந்து பிள்ளைகளை வளர்த்த ஒருவர் தன் அனுபவத்திலிருந்து தானாக வந்து சேர்ந்த இடம் அது. அதை மறுத்துப் பேசலாம். அதற்காக அவர் வாசித்ததை இனி கேட்க மாட்டேன் என்று என்னால் சொல்ல முடியாது.

இரண்டு வருடம் முன்பு, நாற்பத்து மூன்று வயதில், எங்கள் தெருமுனையில் இருக்கும் டிரம்ஸ் வகுப்பில் சேர்ந்தேன். என்னோடு கற்றுக்கொள்கிறவர்கள் எல்லாம் பள்ளிப் பிள்ளைகள். மாஸ்டருக்கு வயது இருபத்தாறு இருக்கும். ஆறு மாதம் அவர் சொன்னபடி ஸ்டூலில் உட்கார்ந்து, காலையும் கையையும் பிரித்துப் பழகினேன். பிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை, பிள்ளைகள் போன பிறகு, கூச்சத்தோடு கேட்டேன்: "மாஸ்டர், பேஸ் டிரம்மைப் படுக்க வச்சு வாசிக்கலாமா?"

"எதுக்குக்கா?"

செல்போனில் 'ஹெராயின்' போட்டுக் காட்டினேன். ஏழு நிமிடமும் பேசாமல் கேட்டார். பிறகு எழுந்து, பெடலைக் கழற்றி, பேஸ் டிரம்மைத் தூக்கி இரண்டு நாற்காலிகளின் மேல் படுக்க வைத்தார். இடம் பற்றவில்லை. சிம்பல் ஸ்டாண்டுகள் இரண்டையும் தூக்கிச் சுவரோரம் வைத்தார். பஞ்சுக் கோல் இல்லை. சாதாரணக் கோலின் முனையில் துணியைச் சுற்றி ரப்பர் பேண்டு போட்டுக்கொடுத்தார்.

பாட்டை ஸ்பீக்கரில் போட்டு, நின்று, வாசித்தேன். முதல் அடியின் 'தும்' உள்ளங்காலிலிருந்து ஏறியது. மெதுவாக இருக்கும்வரை சரியாகப் போனது. முதல் ஏற்றத்தில் கிதார் என்னை விட்டு ஓடியது. துரத்திப் பிடித்தேன். இரண்டாவது ஏற்றத்தில் முந்திவிட்டேன். நான்காவது நிமிடத்தில் மணிக்கட்டு எரியத் தொடங்கியது. ஐந்தாவது நிமிடத்தில் வயோலா கத்த ஆரம்பித்ததும் எனக்கு எதுவும் கேட்கவில்லை, தாளம் எங்கே என்று தெரியவில்லை. கையை நிறுத்திவிட்டேன். ஸ்பீக்கரிலும் டிரம்ஸ் நின்றிருந்தது. மாஸ்டர் என்னைப் பார்த்தார். நானும் அவரும் கோல் அசையாமல் காத்திருந்தோம், பாட்டு ஓடிக்கொண்டிருந்தது. அப்புறம் மோ உள்ளே வந்தார். இரண்டு அடி தவறவிட்டு, நானும்.